செஞ்சியில் தங்கிய நம்பெருமாள்: ஒரு பகற்பயணத்தில் காணும் சாசனமும் ஐதிஹ்யமும்

ஸ்ரீவைஷ்ணவர்களுக்குச் செஞ்சி என்னும் பெயர் திவ்யதேச வரிசையில் வருவதன்று. ஆழ்வார்களின் மங்களாசாஸனம் அவ்வூருக்கு இல்லை. ஆசார்யர்களின் திருவவதார ஸ்தலமாகவும் அது பேசப்படுவதில்லை. ஆயினும் திருவரங்கத்தின் வரலாற்றை எழுதப்புகும் எவரும் செஞ்சியைத் தாண்டிச் செல்ல இயலாது. நாற்பத்தெட்டு ஆண்டுகள் தம் கோயிலைப் பிரிந்திருந்த அழகியமணவாளன், மீண்டும் திருவரங்கம் புகுமுன் தங்கிய கடைசி இடம் செஞ்சியே.

இன்று அவ்வூருக்குச் செல்வோருள் பலர் கோட்டையைக் காணச் செல்பவர்கள். ஆரோவில்லை ஒட்டிய குயிலாப்பாளையம் முதலிய ஊர்களிலும் புதுச்சேரியிலும் தங்கும் பயணிகள், காலையில் புறப்பட்டுத் திண்டிவனம் வழியாகச் செஞ்சியை அடைந்து, கோட்டையையும் அதனுள் இடிந்து கிடக்கும் கோயில்களையும் வழிகாட்டியின் துணையோடு பார்த்துவிட்டு மாலைக்குள் திரும்புகின்றனர். ஏறத்தாழ 70 கிலோமீட்டர்த் தொலைவு. ஒரு பகற்பொழுது போதும். 2025 ஜூலையில் மராட்டியர் இராணுவ நிலப்பரப்பு என்ற தொகுதியில் பன்னிரண்டு கோட்டைகள் யுனெஸ்கோவின் உலகப் பாரம்பரியச் சின்னங்களாக ஏற்கப்பட்டபோது, தமிழ்நாட்டிலிருந்து அத்தொகுதியில் இடம்பெற்றது செஞ்சி ஒன்றே. ஆகவே இனி அங்குச் செல்வோர் மேலும் பெருகுவர். அவர்களுக்கு அங்குச் சொல்லப்படும் கதையில் நம்பெருமாளுக்கு உரிய இடம் எது என்பதைத் தெளிவுபடுத்திக்கொள்ள இதுவே ஏற்ற காலம்.

மண்டகப்பட்டு: திருமேனி இல்லாத கோயில்

விழுப்புரத்திலிருந்து செஞ்சி செல்லும் வழியை அடுத்துள்ள மண்டகப்பட்டில் இப்பயணத்தைத் தொடங்குவது பொருந்தும். முதலாம் மஹேந்திரவர்ம பல்லவன் ஏழாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் குடைவித்த குடைவரை அங்கு உள்ளது. அதிலுள்ள வடமொழிக் கல்வெட்டு, விசித்திரசித்தன் என்னும் விருதுப் பெயர் பூண்ட அவ்வரசன், செங்கல்லும் மரமும் உலோகமும் சுதையும் இன்றிப் பிரமன், ஈசன், விஷ்ணு ஆகிய மூவர்க்கும் இவ்வாலயத்தை எடுத்ததாக அறிவிக்கிறது. லக்ஷிதாயதனம் என்பது அதற்கு அவன் இட்ட பெயர்.

பின்சுவரில் மூன்று கருவறைகள் குடையப்பட்டுள்ளன. மூன்றும் இன்று வெறுமையாக உள்ளன. தமிழகத்துக் கற்கோயில் வரலாற்றில் விஷ்ணுவுக்கென அமைந்த மிகப் பழைய கருவறைகளுள் ஒன்றின் முன் நிற்கிறோம் என்ற உணர்வோடு, அங்கு ஸேவிப்பதற்குத் திருமேனி இல்லை என்ற குறையும் உடன் எழுகிறது. கல் நிலைத்தது, ஆராதனம் நிலைக்கவில்லை. செஞ்சிப் பகுதி முழுவதற்கும் இது ஒரு முன்னுரை போன்றது. அழியாத பொருளால் எடுத்தோம் என்று அரசன் பெருமிதம் கொண்ட இடத்தில் வழிபாடு அற்றுப்போனது. அதே காலத்து மரபில் குடையப்பட்டு, சில காத தூரத்தில் உள்ள சிங்கவரத்திலோ வழிபாடு இன்றும் நடைபெறுகிறது.

சிங்கவரத்துக் குடைவரை

செஞ்சிக்கு வடக்கே சிறு குன்றின்மேல் அமைந்தது சிங்கவரம் அரங்கநாதர் கோயில். பெருமாள் பள்ளிகொண்ட திருக்கோலத்தில் பாறையிலேயே வடிக்கப்பட்டு எழுந்தருளியிருக்கிறார். பாறையைக் குடைந்த முகமண்டபத் தூண்களின் அமைப்பு மஹேந்திரவர்மன் காலத்துக் குடைவரைகளின் பாணியைச் சார்ந்தது. அதன் அருகே எருமைத்தலையின்மேல் நின்ற கொற்றவையின் பல்லவர் காலப் புடைப்புச் சிற்பமும் உள்ளது. பிற்கால மண்டபங்களும் ஸந்நிதிகளும் அக்குடைவரையைச் சூழ்ந்து எழுந்தவை.

இக்கோயிலைப் பற்றி இரண்டு செய்திகள் வழிகாட்டிகளின் வாயிலாகப் பயணிகளை அடைகின்றன. ஒன்று, தேசிங்குராஜன் கதை. போருக்குப் புறப்படுமுன் அவன் சிங்கவரத்துப் பெருமாளிடம் விடைகேட்டான் என்றும், பெருமாள் இசையாமல் முகத்தைத் திருப்பிக்கொண்டார் என்றும், அதனாலேயே திருமுகம் இன்றும் அவ்வாறு இருக்கிறது என்றும் கூறுவர். தேஜ் சிங் என்னும் இயற்பெயருடைய அவ்விளைஞன் ஆர்க்காட்டு நவாபு ஸாதத்துல்லாகானோடு பொருது மடிந்தது 1714ஆம் ஆண்டில். திருமேனியோ அதற்கு ஏறத்தாழ ஆயிரம் ஆண்டு முந்தியது. ஆகவே திருமுகத்தின் சாய்வு போரினால் நேர்ந்ததன்று. சிற்பி அமைத்த திருக்கோலத்தை ஊரார் தம் துயரத்தின் வழியே பொருள்கொண்டனர். அதற்காக இக்கதையைப் புறந்தள்ள வேண்டியதில்லை. பெருமாளின் குறிப்பை அறியாமல் செய்யும் செயல் பலிக்காது என்ற எண்ணம் ஊரார் உள்ளத்தில் எவ்வளவு ஊன்றியிருந்தது என்பதற்கு அது சான்று.

மற்றது நமக்கு மேலும் முக்கியமானது. திருவரங்கத்து நம்பெருமாளைத் துருக்கர் படையெடுப்பின்போது சிங்கவரத்தில் மறைத்துவைத்திருந்தார்கள் என்பது அச்செய்தி. அதற்காகவே இக்குடைவரை குடையப்பட்டது என்று சேர்த்துச் சொல்வாரும் உண்டு. இவற்றுள் எது நிற்கும், எது நிற்காது என்பதைச் சாசனத்தைக்கொண்டு ஆராய வேண்டும்.

1323 முதல் 1371 வரை

தில்லி ஸுல்தானின் மகன் உலூக்கான் 1323இல் தெற்கே படையெடுத்து வந்தபோது திருவரங்கம் சூறையாடப்பட்டது. மூலவர் ஸந்நிதி கல்லால் அடைக்கப்பட, உத்ஸவரான அழகியமணவாளனைப் பிள்ளை லோகாசார்யர் சிறு பரிவாரத்தோடு எழுந்தருளப்பண்ணிக்கொண்டு தெற்கு நோக்கிச் சென்றார். முதிர்ந்த வயதினரான அவ்வாசார்யர் மதுரைக்கு அருகே ஜ்யோதிஷ்குடியில் திருநாட்டுக்கு எழுந்தருளினார். அதன்பின் பெருமாள் மலையாள தேசம், மைசூர்ப் பகுதியின் தெரகணாம்பி முதலிய இடங்களைக் கடந்து திருமலையைச் சேர்ந்தார் என்று கோயிலொழுகு கூறுகிறது. அதே படையெடுப்பில் வேதாந்த தேசிகர் ச்ருதப்ரகாசிகையின் ஏட்டையும் அதன் ஆசிரியரான ஸுதர்சன ஸூரியின் குமாரர்களையும் காத்து ஸத்யாகாலம் சென்றடைந்தார் என்பது குருபரம்பரை வழக்கு.

இவ்வாறு ஓர் ஆசார்யர் திருமேனியையும் மற்றோர் ஆசார்யர் வ்யாக்யானத்தையும் காத்தனர். பின்னாளில் இரு கலைகளாகப் பிரிந்து நின்ற ஸம்ப்ரதாயத்தார் இருவருக்கும் அந்நாள் ஒரே இழப்பையும் ஒரே பொறுப்பையும் தந்தது.

விஜயநகரத்து முதலாம் புக்கனின் மகன் குமார கம்பணன் தமிழகத்தின்மேல் படைநடத்தி மதுரை ஸுல்தானியத்தை வென்றான். அவன் மனைவி கங்காதேவி இயற்றிய மதுராவிஜயம் அவ்வெற்றியைப் பாடுகிறது. கம்பணனின் அதிகாரிகளுள் ஒருவராகச் செஞ்சியில் இருந்து ஆண்ட அந்தணர் கோபணாரியர். அவரே திருமலையிலிருந்து நம்பெருமாளைச் செஞ்சிக்கு எழுந்தருளப்பண்ணி, பின்னர்த் திருவரங்கத்தில் மீண்டும் பிரதிஷ்டிப்பித்தவர்.

சாசனம் சொல்வது

இச்செய்திக்கு ஆதாரம் ஐதிஹ்யம் மட்டுமன்று. திருவரங்கம் கோயிலின் சுவரில் இரண்டு வடமொழிச் ச்லோகங்கள் பொறிக்கப்பட்டுள்ளன. ஹுல்ட்ஷ் என்னும் ஜெர்மானிய அறிஞர் இச்சாசனத்தை எபிகிராபியா இண்டிகாவின் ஆறாம் தொகுதியில் பதிப்பித்தார். அதன் காலம் ‘பந்துப்ரிய’ என்னும் சொல்லால் குறிக்கப்பட்டுள்ளது. கடபயாதி முறையில் ப என்பது 3, த என்பது 9, ர என்பது 2, ய என்பது 1. இவற்றை வலமிருந்து இடமாகக் கொள்ளச் சக ஆண்டு 1293 கிடைக்கிறது. அது கி.பி. 1371ஐ ஒட்டியது. உறவினர்க்கு இனியவன் என்று பொருள்படும் சொல்லே ஆண்டெண்ணாக அமைந்தது, நெடுநாள் பிரிந்தவர் வீடு திரும்பிய நிகழ்ச்சிக்கு மிகப் பொருந்துகிறது.

முதல் ச்லோகத்தின் கருத்து நான்கு செயல்களாக அமைகிறது. அஞ்ஜனாத்ரியிலிருந்து அரங்கநாதனைக் கொணர்ந்தது. செஞ்சியில் சிறிது காலம் ஆராதித்தது. துருக்கரைப் போரில் வென்றது. ஸ்ரீதேவி பூதேவி இருவரோடும் அவருடைய சொந்த நகரிலேயே எழுந்தருளப்பண்ணி முறையான பூஜையை மீண்டும் நடத்தியது. இரண்டாம் ச்லோகமும் அதே நிகழ்ச்சியை வேறு சொற்களில் கூறுகிறது. அங்குச் செஞ்சி என்ற பெயருக்குப் பதிலாகக் கோபணாரியரின் ராஜதானி என்று குறிக்கப்படுகிறது. இவ்விரு ச்லோகங்களும் வேதாந்த தேசிகர் அருளியவை என்பது ஸம்ப்ரதாயக் கொள்கை. சாசனத்தில் ஆசிரியர் பெயர் பொறிக்கப்படவில்லை.

இங்குக் கவனிக்க வேண்டியவை மூன்று.

முதலாவது, சாசனம் செஞ்சி என்று ஊரைக் குறிக்கிறதேயன்றிச் சிங்கவரத்தைப் பெயரிட்டுச் சொல்லவில்லை. சிங்கவரத்தைச் சுட்டுவது ஸம்ப்ரதாய வழக்கு. இரண்டும் முரண்பட்டவை அல்ல. நகரின் பெயரைச் சொல்வது சாசனத்தின் இயல்பு, ஸந்நிதியின் இடத்தை நினைவில் வைப்பது ஐதிஹ்யத்தின் இயல்பு. ஆனால் ஐதிஹ்யம் தரும் செய்தியைச் சாசனத்தின் மேல் ஏற்றி, கல்வெட்டிலேயே சிங்கவரம் உள்ளது என்று உரைப்பது பிழையாகும். இராஜகிரியின் உச்சியிலும் ஓர் அரங்கநாதர் கோயில் இருப்பதால், அங்கும் நம்பெருமாள் எழுந்தருளியிருந்ததாகச் சொல்லத் தோன்றும். இன்று நாம் காணும் பெருமதில்களும் கட்டடங்களும் பெரும்பாலும் நாயக்கர், பீஜப்பூர் ஸுல்தானியர், மராட்டியர் காலங்களில் விரிந்தவை. பழைய செஞ்சி என வழங்கும் மேலச்சேரி கோட்டைக்கு அப்பால் உள்ளது. ஆகவே 1371ஆம் ஆண்டின் செஞ்சியை இன்றைய கோட்டைக்குள் மட்டும் தேடுவது முறையன்று.

இரண்டாவது, சிங்கவரத்துக் குடைவரை நம்பெருமாளுக்காகக் கோபணாரியர் குடைவித்ததன்று. அது பல்லவர் காலத்தது. இவ்வுண்மை ஐதிஹ்யத்தை வலிமையிழக்கச் செய்வதாகத் தோன்றலாம். நோக்கினால் அது வலிமையையே சேர்க்கிறது. பள்ளிகொண்ட திருக்கோலத்தில் பழைய மூலவர் ஏற்கெனவே எழுந்தருளியுள்ள ஒரு குன்று ராஜதானியை ஒட்டி இருக்க, மூலவரைப் பிரிந்து வந்த உத்ஸவரை எழுந்தருளப்பண்ண அதனினும் தகுந்த இடம் வேறு எது? கோபணாரியர் புதிதாகக் குடைய வேண்டிய தேவை இல்லாததே சிங்கவரம் தெரிந்தெடுக்கப்பட்டிருக்கக் கூடும் என்பதற்குக் காரணம் ஆகிறது.

மூன்றாவதும் முதன்மையானதும் ஆராதித்து என்ற சொல். சாசனம் மறைத்துவைத்து என்று கூறவில்லை. காத்துவைத்து என்றும் கூறவில்லை. ஜ்யோதிஷ்குடியிலும் மலைக்காடுகளிலும் பெருமாள் மறைந்திருந்தார் என்பது உண்மை. செஞ்சிக்கு வந்தபோதோ அவர் அஞ்சி ஒளிந்தவராக வரவில்லை. ஆளும் ஒருவரின் ராஜதானிக்கு, அவருடைய ஆராதனத்தை ஏற்பவராக வந்தார். பயணிகளிடம் மறைவிடம் என்று சொல்லப்படும் செஞ்சி, சாசனத்தின்படி மறைவு முடிந்த இடம். ஒளிந்திருந்த காலத்துக்கும் கோயில் புகுந்த காலத்துக்கும் இடையே, வழிபாடு வெளிப்படையாக மீண்ட முதற்படி அது. ஒரே சொல்லின் வேறுபாடுதான். ஆனால் அவ்வூரின் பெருமை முழுவதும் அச்சொல்லில் அடங்கியுள்ளது.

வ்யாக்யானத்தின் ஒளியில்

ஸ்ரீவசனபூஷணத்தில் பிள்ளை லோகாசார்யர் எம்பெருமானின் ஐந்து நிலைகளையும் நீருக்கு ஒப்பிட்டுரைத்தார். விடாய்த்தவனுக்கு அண்டத்துக்கு அப்பாலுள்ள நீர் எட்டாதது போன்றது பரத்வம். பாற்கடல் போன்றது வ்யூஹம். மண்ணுக்குள் ஊற்றாய் மறைந்த நீர் போன்றது அந்தர்யாமித்வம். பெருகி ஓடிப் போன ஆறு போன்றது விபவம். அவ்வாற்றின் மடுக்களில் தேங்கிய நீர் போன்றது அர்ச்சாவதாரம். எளிமையின் எல்லையைக் காட்டும் உவமை இது. மணவாள மாமுனிகள் இதற்கு வ்யாக்யானம் அருளியுள்ளார்.

மடுவின் நீர் எட்டும் தூரத்தில் உள்ளது. அதனாலேயே அதைக் கலக்குவாரும் உளர். எளிமைக்கும் ஆபத்துக்கும் இடம் ஒன்றே. அர்ச்சாவதாரத்தில் எம்பெருமான் தன் உணவும் நீராட்டும் இருப்பும் அர்ச்சகனுக்கு வசப்பட்டிருக்கத் தன்னை அமைத்துக்கொள்கிறான் என்று பூர்வாசார்யர்கள் உரைத்த பாரதந்த்ரியம், 1323இல் ஏட்டிலிருந்து இறங்கி வழிநடையாயிற்று. அக்கருத்தைச் சூத்திரமாக இட்ட ஆசார்யரே அத்திருமேனியைக் காட்டுவழியே கொண்டுசென்றார். காப்பவனைக் காக்க வேண்டியதாயிற்றே என்று கலங்குவார்க்கு அவருடைய செயலே விடை. ஜீவனை ரக்ஷிப்பவன், தன்னை ரக்ஷிக்கும் பேற்றை ஜீவனுக்கு அளித்தான். பிள்ளை லோகாசார்யரில் தொடங்கிய அக்கைங்கர்யம், பெயர் தெரியாத பலரின் கைகளில் மாறி, கோபணாரியரிடம் முற்றுப்பெற்றது.

திருவரங்கம் திரும்பிய திருமேனியை அடையாளம் காண இயலாமல் ஊர் தயங்கியபோது, பார்வை இழந்த முதிய ஈரங்கொல்லி ஒருவர் திருமஞ்சனத் தீர்த்தத்தின் மணத்தையும் சுவையையும்கொண்டு இவரே நம்பெருமாள் என்று கூறியதாகவும், அன்று முதல் அப்பெயரே நிலைத்ததாகவும் கோயிலொழுகு பேசும். அரசரின் வெற்றியைச் சாசனம் பொறித்தது. அடியாரின் அறிவைத் திருநாமம் பொறித்தது.

வேங்கடரமணர் கோயிலின் வெறுமை

கோட்டைக்குள் பயணிகள் நெடுநேரம் நிற்கும் இடங்களுள் வேங்கடரமணர் கோயில் ஒன்று. முத்தியாலு நாயக்கர் பதினாறாம் நூற்றாண்டில் எடுத்ததாகச் சொல்லப்படும் இக்கோயிலே செஞ்சிக் கோட்டையின் பெரிய கோயில். கோபுர வாயிலின் இருபுறமும் இராமாயணக் காட்சிகளும் அவதாரங்களும் பாற்கடல் கடைதலும் புடைப்புச் சிற்பங்களாக நிரல்பட அமைந்துள்ளன. உள்ளே மண்டபங்கள் தூண் இழந்து கிடக்கின்றன.

1750இல் புஸ்ஸி தலைமையில் பிரெஞ்சுக்காரர் கோட்டையைப் பிடித்தனர். 1761இல் அது ஆங்கிலேயர் கைக்கு மாறியது. பிரெஞ்சுக்காரர் காலத்தில் இக்கோயிலின் தூண்கள் புதுச்சேரிக்குக் கொண்டுசெல்லப்பட்டன என்பர். புதுச்சேரிக் கடற்கரையில் காந்தி சிலையைச் சூழ நிற்கும் உயர்ந்த கருங்கல் தூண்கள் செஞ்சியிலிருந்து வந்தவை. குயிலாப்பாளையத்திலிருந்து புறப்படுவோர், கோயிலைக் காணுமுன்பே அதன் நாட்டுத் தூண்களைக் கடற்கரையில் கண்டிருப்பர். கண்டது எது என்பதைத்தான் அறிந்திரார்.

இவ்வெறுமைக்கு அயலாரை மட்டும் காரணமாக்குவது வரலாற்றுக்கு நேர்மையாகாது. செஞ்சி நாயக்கர் காலத்தின் மற்றொரு நிகழ்ச்சியும் உடன் எண்ணத்தக்கது. 1597ஐ ஒட்டித் தமிழகத்தில் பயணம் செய்த பிமெண்டா என்னும் ஏசுசபைப் பாதிரியார், சிதம்பரத்தில் கிருஷ்ணப்ப நாயக்கர் பெருமாள் ஸந்நிதித் திருப்பணியை மேற்கொண்டபோது அதை எதிர்த்த கோயிலார் பலர் கோபுரத்திலிருந்து வீழ்ந்து உயிர்துறந்ததைப் பதிவுசெய்துள்ளார். தில்லைத் திருச்சித்திரகூடம் ஆழ்வார்கள் பாடிய திவ்யதேசம். அங்குப் பெருமாள் ஸந்நிதி செழிக்க வேண்டும் என்பதில் ஐயமில்லை. ஆயினும் உயிர்கள் வீழ்ந்த இடத்தில் அரசனின் பக்தியை மட்டும் எடுத்துச் சொல்லி அமைவது தகாது. பரம வைஷ்ணவனுக்குப் பிறர் துயர் தன் துயர் என்பதே நம் பெரியோர் காட்டிய இலக்கணம். செஞ்சி அரசர்களின் திருப்பணிகளைப் போற்றுவோர் இதனையும் மறவாமல் போற்றுதல் வேண்டும்.

காண வேண்டிய முறை

ஆகவே இப்பகற்பயணத்தை மேற்கொள்ளும் ஸ்ரீவைஷ்ணவர்க்கு ஒரு முறை வகுக்கலாம். மண்டகப்பட்டில் ஆராதனம் அற்ற கருவறையைக் காண்க. கோட்டைக்குள் வேங்கடரமணர் கோயிலில் ஆராதனம் இருந்து நின்ற இடத்தைக் காண்க. சிங்கவரத்தில் பல்லவர் காலம் தொட்டுப் பள்ளிகொண்டுள்ள பெருமாளை ஸேவித்து, அவரருகே நம்பெருமாள் எழுந்தருளியிருந்தார் என்ற ஐதிஹ்யத்தை நினைக்க. இம்மூன்றையும் கண்டபின் திருவரங்கத்துச் சாசனத்தின் ஆராதித்து என்ற சொல்லை எண்ணினால், அது ஏன் அங்கு இடப்பட்டது என்பது விளங்கும். பாறையும் மதிலும் அரசும் பெருமாளைக் காத்தன என்று அச்சாசனம் பாடவில்லை; இடையறுந்த பூஜை தொடர்ந்தது என்றே பாடுகிறது.

அத்தொடர்ச்சியின் பயனை அடுத்த தலைமுறை கண்டது. மணவாள மாமுனிகள் திருவவதரித்தது 1370இல்; நம்பெருமாள் கோயில் புகுந்ததற்குச் சற்று முன்பு. பின்னாளில் அவர் பெரிய திருமண்டபத்தில் நம்பெருமாள் திருமுன்பே ஓராண்டுக் காலம் ஈட்டைக்கொண்டு திருவாய்மொழியின் பொருளை உரைத்தருளினார். கேட்பவர் எழுந்தருளியிராவிடில் அக்காலக்ஷேபம் நிகழ்ந்திராது. அவர் திரும்பி வந்த வழியில் செஞ்சி இருந்தது. அங்கு அவருக்கு ஆராதனம் நடந்தது. வழிகாட்டிகள் பயணிகளுக்குச் சொல்ல வேண்டிய செய்தி இதுவே.